கரையில் இருப்பவருக்கே கதை வேண்டும்

(ராமநாதபுரம் மாவட்டம் மண்டபம் ஊர்க் கடற்கரையில் மீன்பிடித் தடைக்கால மாலை ஒன்றில் நடந்த பட்டிமன்றத்தில் பேசியது. தலைப்பு: ‘குடும்பக் கதைகளும் கிராமத்துக் கதைகளும் அதிகம் தேவைப்படுவது ஊரை விட்டுப் போனவர்களுக்கா, ஊரிலேயே இருப்பவர்களுக்கா?’ நான் பேசியது ‘ஊரிலேயே இருப்பவர்களுக்கே’ என்ற அணியில்.)

நடுவர் அவர்களே, எதிரணியில் உட்கார்ந்திருக்கும் அண்ணன்மார்களே, மதினிமார்களே, மணலில் பாய் விரித்து உட்கார்ந்திருக்கும் என் ஊர்ச் சனங்களே, எல்லோருக்கும் வணக்கம்.

ஏப்ரல் 15 தொடங்கி ஜூன் 14 வரை 61 நாள் விசைப்படகு கடலுக்குப் போகக் கூடாது. அதனால்தான் இத்தனை ஆண்பிள்ளைகளை இன்றைக்குக் கரையில் ஒன்றாகப் பார்க்கிறோம். கிழிந்த வலையைச் சரிபண்ணுகிற வேலையை அப்படியே போட்டுவிட்டு, புத்தகத்தைப் பற்றி நாலு பேர் பேசுவதைக் கேட்க வந்திருக்கிறீர்கள். என் அணிக்கு முதல் சாட்சி நீங்கள்தான்.

எதிரணித் தலைவர் அண்ணன் நன்றாகப் பேசினார். சார்ஜாவில் ஒரே அறையில் ஆறு பேரோடு படுத்திருக்கும் நம் ஊர்ப் பையன், ராத்திரி கைப்பேசியில் ஒரு கிராமத்துக் கதையைப் படித்துவிட்டுத் தலையணையில் முகத்தைப் புதைத்து அழுததை அவர் சொன்னபோது எனக்கும் கண் கலங்கியது. என் தம்பியும் அப்படி ஓர் அறையில்தான் இருக்கிறான். அதன் பிறகு அண்ணன் கேட்டார்: “ஊரிலேயே இருக்கிறவனுக்கு எதுக்குக் கிராமத்துக் கதை? அவனுக்கு ஊரே புத்தகம், கடலே புத்தகம், கிழவிகளே நூலகம்!” கைதட்டல் அடங்க ரொம்ப நேரம் ஆனது. எனக்கு வழக்கே அந்தக் கைதட்டலோடுதான்.

கிழவிகளே நூலகம். சரி, என் வீட்டுக் கிழவியிலிருந்தே தொடங்குகிறேன். என் அப்பத்தா தனுஷ்கோடியில் வாழ்க்கைப்பட்டவள். 1964 டிசம்பர் 22ஆம் தேதி ராத்திரி அடித்த புயலில் அந்த ஊர் போனது, பயணிகளோடு ரயிலே போனது, அதெல்லாம் நாடறிந்த செய்தி. என் அப்பத்தாவிடமிருந்து என்ன போனது? எத்தனை தடவை கேட்டாலும், “அது கெடக்குது தாயி, நீ சோத்தைத் தின்னு” என்பாள். அதற்கு மேல் ஒரு வார்த்தை வராது. சொல்லாமலே போய்ச் சேர்ந்தாள். அன்றைக்குப் பத்து வயதுப் பிள்ளையாக இருந்தவர்களுக்கு இன்றைக்கு எழுபது தாண்டிவிட்டது அண்ணே. அந்த நூலகத்தின் கதவு தானாகத் திறக்காது. திறக்கச் சாவி வேண்டும். அந்தச் சாவி எனக்கு எங்கே கிடைத்தது என்று சொல்கிறேன்.

என் அம்மா கடல்பாசி எடுக்கப் போகிறவர். விடியும் முன்னே எழுந்து, பழைய சேலையைக் கிழித்து விரல் விரலாகச் சுற்றுவார். கட்டைவிரலுக்கு மட்டும் இரண்டு சுற்று, ஏனென்றால் பாறையில் மரிக்கொழுந்துப் பாசியைப் பிடுங்கும்போது முதலில் அறுபடுவது அந்த விரல்தான். கண்ணுக்குக் கண்ணாடி, இடுப்பில் வலைப்பை. மூச்சைப் பிடித்து முங்கினால் கையில் கொத்தோடுதான் மேலே வருவார். மாதத்தில் பன்னிரண்டு நாள்தான் போவது, அதற்கு மேல் எடுத்தால் பாசி தழையாது என்று அவர்களே வைத்துக்கொண்ட கட்டுப்பாடு. அம்மா துணி சுற்றுவதை நான் பிறந்ததிலிருந்து பார்க்கிறேன். ஒரு நாளும் அதைப் பற்றி ஒரு வார்த்தை கேட்டதில்லை. தினம் தினம் கண்ணில் படுகிற ஒன்றைப் பற்றி யார் கேட்பார்கள்?

போன வருடம் இதே தடைக்காலத்தில் நூலகத்திலிருந்து ராஜம் கிருஷ்ணன் எழுதிய ‘கரிப்பு மணிகள்’ நாவலை எடுத்து வந்தேன். 1979இல் வந்த புத்தகம், தூத்துக்குடி உப்பளத் தொழிலாளிகளின் பாடு. அம்மாவுக்கு எழுத்துக் கூட்டித்தான் படிக்க வரும். அதனால் ராத்திரி சாப்பாடு முடிந்ததும் திண்ணையில் நான் வாசிப்பேன், அவர் காலை நீட்டிக்கொண்டு கேட்பார். முதல் மூன்று நாள் ‘ம்’ கொட்டியதோடு சரி. நாலாம் நாள், உப்பில் நின்று வேலை செய்கிற பொம்பளைகள் பாடு வந்தபோது, “நிறுத்து” என்றார். நிறுத்தினேன். கையை விளக்கு வெளிச்சத்தில் திருப்பித் திருப்பிப் பார்த்தார். “அவுகளுக்குக் காலு, நமக்குக் கையி” என்றார். கொஞ்ச நேரம் கழித்து, “இதை எழுதுனவுக அளத்துல வேலை பாத்தவுகளா?” என்று கேட்டார். இல்லைம்மா, முசிறியில் பிறந்தவர், தேடி வந்து பார்த்து, தொழிலாளிகளிடம் பேசிப் பழகி எழுதினார் என்றேன். “வந்து பாத்துருக்காகல்ல! நம்மளை ஏன் யாரும் வந்து எழுதல?” என்றார்.

என்னிடம் பதில் இல்லை நடுவர் அவர்களே. ஆனால் அன்று ராத்திரி என் அம்மா வாயைத் திறந்தார். பன்னிரண்டு வயதில் முதல் தடவை முங்கிய நாளைச் சொன்னார். பாறை இடுக்கில் கை மாட்டிக்கொண்டது, மூச்சு முட்டியது, அம்மாச்சி தலைமுடியைப் பிடித்து மேலே இழுத்தது, கரைக்கு வந்ததும் ஓங்கி ஓர் அறை விட்டுவிட்டுப் பிறகு கட்டிக்கொண்டு அழுதது. ஒரே கூரையின் கீழ் இத்தனை வருடம் இருந்தும் எனக்குத் தெரியாத கதை. சார்ஜாவில் இருக்கும் என் தம்பி அந்த நாவலைப் படித்தால் அம்மாவை நினைத்து அழுவான். அது பெரிய விஷயம்தான், மறுக்கவில்லை. ஆனால் அவன் பக்கத்தில் அம்மா இல்லையே, கேட்பதற்கு! கேட்கிற தூரத்தில் இருக்கிறவள் நான். எனக்குத்தான் அந்தப் புத்தகம் முதலில் வரவேண்டும்.

அடுத்தது, பக்கத்து வீடு. நம் கரையை ஒரு தடவை மனசுக்குள் நடந்து பாருங்கள். கீழக்கரையில் மரைக்காயர் வீடுகள். வாலிநோக்கத்தில் உப்பளம். சாயல்குடிப் பக்கம் பனங்காடு, பதநீர் காய்ச்சுகிற அடுப்பு. கொஞ்சம் உள்ளே போனால் முதுகுளத்தூர்ப் பக்கம் முண்டு மிளகாயும் கருவேலங்கரி மூட்டமும். எல்லோரும் ஒரே பஸ்ஸில்தான் ராமநாதபுரம் போகிறோம். ஒருவர் அடுப்படிக்குள் இன்னொருவர் எத்தனை தடவை போயிருக்கிறோம்? முஸ்லிம் வீட்டுப் பெண்களைப் பற்றிச் சல்மா எழுதிய ‘இரண்டாம் ஜாமங்களின் கதை’ நாவலை நான் படித்தபோது, அந்தப் பெண்கள் தங்களுக்குள் பேசுவதைக் கேட்டு, இது எங்கள் தெருக் குழாயடியில் நாங்கள் குரலைத் தாழ்த்திப் பேசுகிற பேச்சாயிற்றே என்று திகைத்துப்போனேன். பஸ்ஸில் பக்கத்தில் உட்கார்ந்து வருகிற அக்காவைப் பற்றி எனக்கு அதுவரை என்ன தெரியும்?

சோ. தர்மனின் ‘சூல்’ அப்படித்தான். உருளைக்குடி என்ற கரிசல் ஊரின் கண்மாயைச் சுற்றி வரும் கதை, 2019இல் சாகித்திய அகாதெமி விருது பெற்றது. கடல்காரர்களான நமக்குக் கண்மாய் என்றால் அது விவசாயம் பார்க்கிற சம்சாரிகள் சமாச்சாரம். வைகை வந்து அடங்குவதே நம் ராமநாதபுரம் பெரிய கண்மாயில்தான் என்றாலும், அதைத் தாண்டிப் போகும்போது திரும்பிக்கூடப் பார்க்க மாட்டோம். அந்த நாவலைப் படித்துவிட்டுப் போங்கள். தண்ணீர் திறந்துவிடுகிற மடையும், மிஞ்சிய தண்ணீர் வழிகிற கலுங்கும் கண்ணில் படும்.

இந்த இடத்தில் எதிரணிக்கு ஒன்றை ஒத்துக்கொள்கிறேன். ஊரை விட்டுப் போனவர்களுக்கென்றே எழுதப்படும் கதைகள் உண்டு. அந்தக் காலத்தில் எல்லோரும் அன்பாக இருந்தோம், கூட்டுக் குடும்பம், வாசலில் கோலம், கிணற்றுத் தண்ணீர் இனிக்கும். தூரத்தில் இருப்பவருக்கு அது ஒத்தடம். எங்களுக்கு அது போதாது. நாங்கள் அதே தெருவில் நாளைக்கும் எழுந்திருக்க வேண்டும். எங்களுக்கு ‘நாகம்மாள்’ வேண்டும். ஆர். சண்முகசுந்தரம் 1942இல் எழுதிய நாவல், கொங்கு நாட்டுக் கதை. புருசன் செத்துப்போன ஒருத்தி, குடும்பச் சொத்தில் தனக்குப் பாகம் பிரித்துக் கொடு என்று கேட்கிறாள். அவ்வளவுதான். அந்த ஒரு கேள்வியில் குடும்பம் வெடிக்கிறது, கொலையில் போய் முடிகிறது. இந்துக் குடும்பங்களில் மகளுக்கும் சம பங்கு என்று தமிழ்நாட்டில் சட்டம் வந்தது 1989இல். இங்கே உட்கார்ந்திருக்கும் அக்கா தங்கச்சிகளில் எத்தனை பேர் அண்ணன் தம்பியிடம் வாய் விட்டுக் கேட்டிருக்கிறோம்? கேட்டால் பிறந்த வீட்டு வாசல் அடைபட்டுவிடும் என்ற பயம் இல்லாதவர் யார்? அந்தப் பயத்தை ஒரு கதையாகத் தள்ளி வைத்துப் பார்த்தால்தான், அண்ணன் தம்பி, மதினி, நாத்தனார் எல்லோரும் ஒரே திண்ணையில் உட்கார்ந்து அதைப் பேசவே முடியும். அப்படிப் பேச வேண்டியவர்கள் இந்த ஊரில் இருக்கிறவர்கள்.

எதிரணியில் கடைசியாகப் பேசிய தம்பி அப்துல் கலாம் ஐயாவைச் சாட்சிக்கு அழைத்தார். ஊரை விட்டுப் போனவர், போன பிறகுதான் ராமேஸ்வரத்தை எழுதினார் என்றார். ‘அக்னிச் சிறகுகள்’ நானும் படித்த புத்தகம்தான் தம்பி. அவருடைய அப்பா யாத்ரீகர்களைத் தனுஷ்கோடிக்குக் கொண்டுபோகக் கட்டிய படகும், அதைப் புயல் கொண்டுபோனதும் அதில் இருக்கின்றன. அதே புத்தகத்தில் எஸ்.டி.ஆர். மாணிக்கம் என்ற ஒருவர் வருகிறார், பார்த்தீர்களா? ராமேஸ்வரத்தில் தன் வீட்டில் நிறையப் புத்தகம் வைத்திருந்தவர். சிறுபிள்ளைக் கலாம் அவரிடம்தான் கடன் வாங்கி வாங்கிப் படித்தார். அவை கிராமத்துக் கதைகள் என்று நான் சொல்லவரவில்லை. ஆனால் புத்தகம் அவர் கையில் ஏறிய காலம் எது? பத்திரிகைக் கட்டைத் தூக்கிக்கொண்டு ராமேஸ்வரம் தெருக்களில் ஓடிக்கொண்டிருந்த காலம். உங்கள் சாட்சி எங்கள் பக்கம் வந்துவிட்டார்.

சாயங்காலம் நூலகத்தில் பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லிக்கொடுக்கிறேன். ஒன்பதாவது படிக்கிற ஒரு பிள்ளை. விடிகாலையில் அம்மாவோடு கருவாடு காயப்போட்டுவிட்டுப் பள்ளிக்கூடம் போகிறவள். ஒரு நாள் பஸ்ஸில் பக்கத்தில் இருந்த யாரோ ஒருவர் மூக்கைப் பொத்திக்கொண்டு எழுந்து வேறு சீட்டுக்குப் போய்விட்டார். அன்றிலிருந்து அந்தப் பிள்ளை சீட்டு காலியாக இருந்தாலும் நின்றுகொண்டுதான் போவாள். அவளுக்கு நற்றிணையில் 45ஆம் பாட்டைப் படித்துக் காட்டினேன். பெரிய ஊரிலிருந்து தேரில் வருகிறான் ஒருவன், பரதவர் வீட்டுப் பெண்ணைத் தேடி. தோழி அவனைத் தடுத்துச் சொல்கிறாள்: இவள் மீன்பிடிக்கிறவர் மகள். நாங்கள் சுறாவை அறுத்துக் காயவைத்துப் பறவை விரட்டுகிறவர்கள். “புலவு நாறுதும், செல நின்றீமோ.” எங்கள் மேல் மீன் நாறும், தள்ளி நில். உன் பெருமை எங்களுக்கு எதற்கு, எங்களிலும் தலைநிமிர்ந்த ஆட்கள் உண்டு என்று முடிக்கிறாள்.

அந்தப் பிள்ளை என்னையே பார்த்தாள். “நாறுதுன்னு அவளே சொல்லுறாளாக்கா? வெக்கப்படாமயா?” ஆமாம் என்றேன். “இன்னொரு தடவ வாசிங்க” என்றாள். மூன்று தடவை வாசித்தேன். நோட்டில் எழுதிக்கொண்டு போனாள். சென்னையில் அந்தப் பாட்டைப் படிப்பவருக்கு, அதில் வரும் ‘உணக்கல்’ என்றால் காயவைத்த மீன் என்று அடியில் குறிப்புப் போட வேண்டும். இவள் காக்கை விரட்டிவிட்டு வந்த கையோடு படிக்கிறாள். யாருக்கு அதிகம் தேவை, யாருக்கு அதிகம் சொந்தம், நீங்களே சொல்லுங்கள் நடுவர் அவர்களே.

இன்னும் ஒன்றே ஒன்று. கி. ராஜநாராயணன் இடைசெவலில் விவசாயம் பார்த்துக்கொண்டிருந்தவர். கரிசல் மக்கள் வாயில் புழங்கிய சொற்களைத் திரட்டி ஓர் அகராதியே கொண்டுவந்தார். அந்த அகராதியைப் புரட்டியபோதுதான் எனக்கு உறைத்தது, நம்ம வார்த்தையையும் எழுதி வைக்கலாம் என்று. கொண்டல், கச்சான், வாடை, சோழகம் என்று காற்றுக்கு நாலு பேர் நமக்கு. பாசியில் மரிக்கொழுந்து வேறு, கஞ்சிப்பாசி வேறு, கட்டக்கோரை வேறு. கரைவலை இழுக்கும்போது பாடுகிற அம்பாப் பாட்டு எத்தனை பேருக்கு முழுசாகத் தெரியும்? இதையெல்லாம் யார் வந்து எழுதுவார்கள் என்று காத்திருக்கிறோம்? “நம்மளை ஏன் யாரும் வந்து எழுதல?” என்று என் அம்மா கேட்டதற்கு ஒரு வருடம் கழித்து என்னிடம் பதில் இருக்கிறது. ஒரு நோட்டு வாங்கிவிட்டேன்.

அம்மா சொல்லச் சொல்ல எழுதுகிறேன். நாற்பது பக்கம் ஆகியிருக்கிறது. அந்தா, மூன்றாவது பாயில் உட்கார்ந்திருக்கிறார், பக்கத்தில் இருப்பவர்கள் அந்தக் கட்டைவிரலைப் பாருங்கள். நேற்று ராத்திரி கதையை வாடைக்காற்றில் கொண்டுவந்து நிறுத்தியிருக்கிறார். வாடை அடிக்கிற மாதத்தில் தண்ணீர் கலங்கி அடி தெரியாதபோது, பாறையைக் காலால் தடவி எந்த இடம் என்று எப்படிக் கண்டுபிடிப்பார்கள் என்பதை, கூட்டம் முடிந்து வீட்டுக்கு வந்ததும் சொல்கிறேன் என்றிருக்கிறார்.

மணி அடித்துவிட்டீர்கள். நன்றி, வணக்கம்.