இடது காலை எண்ணுங்கள்

நண்பர்களே, கார்ல் போசெ 1925-இல் இயக்கிய 'கிரீக் இம் ஃப்ரீடன்' (அமைதிக் காலத்துப் போர்) ஒரு ஜெர்மன் ஊமைப்படம். குஸ்டாவ் ஃபான் மோசர், ஃப்ரான்ஸ் ஃபான் ஷோன்தான் இருவரும் சேர்ந்து எழுதிய நகைச்சுவை நாடகம்தான் அதற்கு மூலம். போர்ப்பயிற்சிக்கு ஊருக்கு வரும் அதிகாரிகளைக் குடிமக்கள் வீட்டில் தங்கவைக்கிறார்கள். அந்த வீட்டில் பெண்கள் இருக்கிறார்கள். மிச்சத்தை நீங்களே ஊகித்துக்கொள்ளலாம். மோசர் பிரஷ்யப் படையில் அதிகாரியாக இருந்தவர்; அதனால் கேலி உண்டு, காயம் இல்லை. 1881-லேயே அமெரிக்க நாடகக்காரர் ஆகஸ்டின் டேலி இந்த நாடகத்தைத் தழுவி நியூயார்க்கில் மேடையேற்றிவிட்டார்.

படம் வந்த வேளையையும் பாருங்கள். ஜெர்மன் பேரரசர் கைசர் 1918-லேயே பதவி இழந்து போய்விட்டார். முதல் உலகப் போருக்குப் பின் வந்த வெர்சாய் ஒப்பந்தம் ஜெர்மன் தரைப்படையை ஒரு லட்சம் பேரோடு நிறுத்திவிட்டது. 1925 ஏப்ரலில் பழைய தளபதி ஹிண்டன்பர்க் குடியரசுத் தலைவராகத் தேர்வானார். பழைய சீருடைக் கூத்துகள் வரிசையாகத் திரைக்கு வந்தது அந்தக் காலத்தில்தான். அவற்றை அரசியலே இல்லாத விளையாட்டு என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

நாடகத்தில் ரெஜிமென்ட் முழுவதையும் மேடையில் ஏற்ற முடியாது. வெளியே பேண்டு கேட்கும், எல்லோரும் ஜன்னலுக்கு ஓடுவார்கள். கேமராவோ நேரே தெருவுக்கே போய்விடும். அது லாபம். நஷ்டம் பேச்சில். நாடகத்தில் வரும் லெஃப்டினன்ட் ரைஃப் ஃபான் ரைஃப்லிங்கன் மாதிரி ஆசாமி வாயால் பிழைப்பவன். அவன் பேச்சை எழுத்தட்டையில் (ஊமைப்படத்தில் வசனத்தை எழுதிக் காட்டும் அட்டை) போட்டால், அவன் வாய் திறந்ததும் அட்டை, அட்டை போனதும் கேட்டவர் முகம் என்று வரவேண்டும். முகம் முந்திக்கொண்டால், பார்ப்பவர்கள் சிரிக்க ஒன்றுமிருக்காது.

இனி இந்த மாதிரிப் படங்களைத் திரையிடுகிறவர்களுக்கு. அன்று கேமராவைக் கையால் சுற்றினார்கள். நொடிக்கு 18 சட்டமும் (ஃபிரேம்) உண்டு, 22-உம் உண்டு. இன்று பலர் கண்ணை மூடிக்கொண்டு 24-இல் ஓட்டுகிறார்கள். ராணுவப் படத்தில் மட்டும் ஒரு சௌகரியம், அளவுகோல் படத்துக்குள்ளேயே இருக்கிறது. ஜெர்மன் காலாட்படையின் அணிவகுப்பு நடை நிமிடத்துக்கு 114 காலடி. இடது கால் மட்டும் என்றால் 57. பதினைந்து நொடிக்கு ஏறக்குறைய 14. நீங்கள் 24-இல் ஓட்டும்போது அதே பதினைந்து நொடியில் இடது கால் 17 தடவை விழுகிறதா? 24-ஐ 14-ஆல் பெருக்கி 17-ஆல் வகுத்தால் கிட்டத்தட்ட 20. அதுதான் சரியான வேகம். அப்படியே 24-இல் விட்டால் நடை நிமிடத்துக்கு 137 காலடியாகிவிடும். சிப்பாய்கள் எறும்பு மாதிரி ஓடுவார்கள், படத்தோடு நேரில் வாசிக்கும் பியானோக்காரர் அணிவகுப்பு இசையைக் காலடியோடு சேர்க்க முடியாமல் தவிப்பார்.

குதிரையை எண்ணாதீர்கள். துரத்தல் காட்சியையும் எண்ணாதீர்கள். அதை வேண்டுமென்றே மெதுவாகச் சுற்றி எடுப்பது வழக்கம், திரையில் பறக்கட்டும் என்று. அங்கே கணக்குப் போட்டு முழுப் படத்தையும் அந்த வேகத்துக்குக் குறைத்தால் வரவேற்பறைக் காட்சிகள் தூங்கி வழியும்.

பழைய நெகட்டிவில் எழுத்தட்டைகளை ஒன்றிரண்டு சட்டம் மட்டுமே வைத்திருப்பார்கள், ஃபிலிம் மிச்சம் பிடிக்க. பிரதி போடும்போது அதை நீட்டவேண்டும். மறந்தால் வசனம் கண் சிமிட்டும் நேரத்தில் போய்விடும்.

35 மி.மீ. ஃபிலிமில் ஒரு மீட்டருக்கு 52 சட்டத்துக்குச் சற்று மேல். ஆகவே 2,000 மீட்டர் படம் 20-இல் 88 நிமிடம், 24-இல் 73. அரங்கத்தை வாடகைக்கு எடுக்கும் முன்பே இதைக் கணக்கிட்டுவிடுங்கள்.