நாலாவது வீட்டு மாமா

(மலேசியாவுல பேராக் மாநிலத்து சுங்கை சிப்புட்ல நடந்த ரப்பர் தோட்டத்து மக்கள் ஒன்றுகூடல்ல பேசினது. வரமுடியாதவங்க கேட்டதால எழுதி போடுறேன்.)

எல்லாருக்கும் வணக்கம், பசியாறிட்டீங்களா? முன்வரிசையில உக்காந்திருக்க பாட்டிங்களுக்கு மொதல்ல ஒரு கும்பிடு, ஏன்னா நான் பேசப்போறது பூரா நீங்க வாழ்ந்து பாத்தது, நான் காதால கேட்டு வளந்தது.

எங்க பாட்டி 1936ல நாகப்பட்டினத்துல கப்பல் ஏறி பினாங்குல எறங்குனாங்க. கங்காணி ஊர் ஊரா போய் ஆள் சேத்த காலம் அது, தோட்டத்துக்காரங்க பணம் கட்டுற ஒரு இமிகிரேஷன் ஃபண்டு 1907லேர்ந்து இருந்துச்சு, கப்பல் செலவெல்லாம் அதுலதான் போகும். ரெண்டே வருஷத்துல, 1938ல, இந்தியா இந்த மாதிரி ஆள் அனுப்புறத நிறுத்திருச்சு. பாட்டி சொல்லுவாங்க, "கதவ சாத்துறதுக்குள்ள உள்ள வந்துட்டேன்டா"ன்னு. அப்புறம் கடைசி வரைக்கும் பொறந்த ஊர் பக்கம் போகவே முடியல அவங்களால.

வந்து பாத்தா காட்ட அழிச்சு நட்ட பால்மரம், அதான் ரப்பர் மரம், வரிசையா ஒட்டிக் கட்டுன வீடுங்க, அதுக்குப் பேரு லயம், விடியுறதுக்கு முன்னாடி பெரட்டு, ஆபீஸ் கிராணி பேர் கூப்புடுவாரு, ஆளாளுக்கு வெட்ட வேண்டிய மர நிரை பிரிச்சு குடுப்பாங்க, வாளிய தூக்கிட்டு போகணும். கம்பெனி குடுத்தது அவ்வளவுதான், ஒரு கூரை, ஒரு தண்ணி பைப்பு, புள்ளைங்கள விட்டுட்டு போக ஒரு ஆயாக்கொட்டாய். ஆனா புள்ள பொறந்தா யாரு வந்து மருந்து அரைக்கிறது, செத்தா யாரு பாடை கட்டுறது, பொண்ணு சமைஞ்சா யாரு சீர் செய்றது? சொந்தபந்தம் எல்லாம் கடலுக்கு அந்தப் பக்கம்ல இருக்கு. இத எந்த தொரையும் யோசிச்சிருக்க மாட்டாரு, நம்மாளுங்கதான் யோசிச்சாங்க.

எங்கம்மா வயசுக்கு வந்தது 1955ல. தாய்மாமன்தான் பச்சை ஓலையில குச்சு கட்டணும், நம்ம வழக்கம் அது. பாட்டிக்கு கூடப்பொறந்தவங்க யாரும் இங்க இல்ல. என்ன செய்றதுன்னு பாட்டி அழுதுட்டு இருக்கையில நாலாவது வீட்டு ஆள், வேற ஜில்லா வேற சாதி, வந்து "நான் கட்டுறேன் தங்கச்சி"ன்னாராம். அவசரகாலம் நடந்துட்டு இருந்த நேரம் அது. 1948 ஜூன்ல இந்த சுங்கை சிப்புட் பக்கத்து தோட்டங்கள்ல கம்யூனிஸ்டுங்க மூணு வெள்ளக்கார தோட்டத் தொரைங்கள சுட்டதுக்கு அப்புறம்தான அவசரகாலம்னு அறிவிச்சாங்க, எங்க லயத்த சுத்தி முள்ளுக்கம்பி, காட்டுல இருந்த அவங்களுக்கு சாப்பாடு போகக்கூடாதுன்னு அரிசிக்கு அளவு, கேட்டுல செக்கிங். மாமா தென்னை ஓலைய தோள்ல போட்டுட்டு வர்றாரு, கேட்டுல நிறுத்தி உள்ள அரிசி கிரிசி மறைச்சு வச்சிருக்காரான்னு ஓலைய ஒவ்வொண்ணா பிரிச்சு பாத்தாங்களாம். அவரு ஒண்ணும் பேசல, சிதறிக் கெடந்த ஓலைய பொறுக்கி அடுக்கி கட்டி தூக்கிட்டு வந்து சாயங்காலத்துக்குள்ள குச்சு கட்டிட்டாரு. அன்னைலேர்ந்து மூணு தலமுறைக்கு அவரு எங்களுக்கு மாமா. என் காது குத்துக்கு அவரு மடியிலதான் உக்காந்தேன்.

எல்லாமே இப்படி இனிப்பா இருந்துச்சுன்னு நான் சொல்லல. லயத்துக்குள்ளயும் சாதி இருந்துச்சு, யாரு எந்த பக்கம் குடியிருக்கணும், கோயில்ல யாரு எங்க நிக்கணும்னு சண்டை இருந்துச்சு. 1929ல பெரியார் மலாயா வந்து பேசிட்டுப் போனதும் அதனாலதான எடுபட்டுச்சு. கள்ளுக்கடை எத்தன வீட்ட கெடுத்துச்சுன்னு இங்க உள்ள பாட்டிங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்ல.

கோயிலும் நம்மாளுங்களே உண்டாக்குனதுதான். மொதல்ல மரத்தடியில ஒரு கல்லு, ஒரு சூலம். அப்புறம் தகரக்கூரை. சம்பளத்தன்னிக்கு ஆளுக்கு கொஞ்சம்னு வசூல் பண்ணி பண்ணி வருஷம் ஒரு தீமிதி. பள்ளிக்கூடம்னா, 1923 தொழிலாளர் சட்டம் ஏழு வயசுலேர்ந்து பதினாலு வயசுக்குள்ள பத்து புள்ளைங்க இருந்தா தோட்டம் பள்ளிக்கூடம் வைக்கணும்னு சொல்லுச்சு, வச்சாங்க, ஆனா பல எடத்துல வாத்தியார் யாருன்னு கேட்டா எழுதப் படிக்க தெரிஞ்ச ஒரு கிராணி. அந்த கொட்டாய்லேர்ந்து படிச்சு வந்தவங்க இந்த சபையிலயே இருக்கீங்க. டவுன்ல மகாத்மா காந்தி கலாசாலை 1954ல தொறந்தப்போ, நேருவோட தங்கச்சி விஜயலட்சுமி பண்டிட் வந்து தொறந்து வச்சாங்க, எங்க தாத்தா சைக்கிள்ல வந்து பாத்துட்டுப் போனாராம்.

அப்புறம் தோட்டங்கள துண்டு போட்டு விக்க ஆரம்பிச்சாங்க. நம்ம ஊர்க்காரர், ம.இ.கா. கட்சித் தலைவரா இருந்த துன் சம்பந்தன், தொழிலாளிங்களே சேந்து தோட்டத்த வாங்குறதுக்கு 1960ல தேசிய நிலநிதி கூட்டுறவு சங்கம் ஆரம்பிச்சு, நூறு வெள்ளி (மலாயா டாலர்) பங்கு, மாசம் பத்து வெள்ளியா கட்டலாம்னு தோட்டம் தோட்டமா போய் கேட்டாரு. பால் வெட்டுறவனுக்கு பத்து வெள்ளி சின்ன காசு இல்ல. தாத்தா கட்டுனாரு. மறுவருஷம் வடக்கே கெடா மாநிலத்துல புக்கிட் சிடிம் தோட்டத்த சங்கம் வாங்குனப்போ, ஒரு தடவ கூட கெடா போகாத மனுஷன் "நம்ம தோட்டம்"னு லயம் பூரா சொல்லிட்டு திரிஞ்சாராம்.

எங்க தோட்டம் இப்ப இல்ல. பால்மரம் போய் எண்ணெய்க்கு வளக்குற செம்பனை வந்துச்சு, அப்புறம் வீடமைப்பு. எங்களுக்கு சொன்ன வீடு சொன்ன நேரத்துல வரல, ஆளுக்கொரு ஃபிளாட்டுன்னு செதறிட்டோம். மாமா தவறுனப்போ நாலாவது மாடியிலேர்ந்து எறக்கணும், லிஃப்டு வேல செய்யல. அடுத்த வீட்டுக்காரங்களுக்கு நாங்க யாருன்னே தெரியாது. போன் போட்டதும் பழைய லயத்து ஆளுங்க பதினேழு பேர் வந்தாங்க, ஈப்போவுலேர்ந்து கூட.

அதனாலதான் பின்னாடி மேசையில ஒரு பெரிய மணிலா அட்டை விரிச்சு வச்சிருக்கோம், லயம், பைப்பு, ஆயாக்கொட்டாய், கோயில் எல்லாம் கோடு போட்டு வரைஞ்சிருக்கு, வீட்டுக்குள்ள பேர் மட்டும் காலியா இருக்கு. பாட்டிங்க தயவுசெஞ்சு சாப்பாட்டுக்கு போறதுக்கு முன்னாடி அங்க வாங்க, வெரல வச்சு காட்டுங்க, எழுதுறதுக்கு புள்ளைங்க பேனாவோட நிக்குறாங்க. நாலாவது வீட்ட நான் எழுதிட்டேன்.