ரம்போ கதையில் கை வைக்காமல் எடுத்திருக்கிறார்கள்!

வணக்கம் மக்களே! பதினாறு எபிசோடு இழுக்கிற சீரீஸ் எனக்கு ஆகவே ஆகாது என்று உங்களுக்குத் தெரியும். நேற்று ராத்திரி பார்த்தது வெறும் அரை மணி நேரம். இன்னும் மண்டைக்குள் ஓடிக்கொண்டிருக்கிறது.

ஜப்பானின் பொதுத் தொலைக்காட்சியான என்.எச்.கே. 2016 ஜனவரியில் ஒளிபரப்பிய, துப்பறியும் கதை எழுத்தாளர் எடோகவா ரம்போவின் சிறுகதை வரிசை. மூன்று கதை, மூன்றுமே 1925இல் வெளிவந்தவை. நான் சொல்வது 'உளவியல் சோதனை'. முடிச்சை அவிழ்க்கப் போகிறேன், வேண்டாதவர்கள் பார்த்துவிட்டு வாருங்கள்.

ஃபுகியா என்று ஒரு மாணவன். பைன் மரத் தொட்டிக்குள் பணத்தைப் பதுக்கிய கிழவியைக் கொன்றுவிடுகிறான். சந்தேகம் நண்பன் சைட்டோ மேல். விசாரணை நீதிபதி இருவருக்கும் ஒரு சோதனை வைக்கிறார். அவர் ஒரு சொல் சொன்னதும் மனதில் படுகிற சொல்லைச் சொல்ல வேண்டும். எவ்வளவு நேரமாகிறது என்று அளப்பார்கள். கொலையோடு தொடர்புள்ள சொல்லுக்குத் தயங்கினால் சந்தேகம். ஃபுகியா அகராதியைப் புரட்டி முன்பே பயிற்சி எடுத்துவிடுகிறான்! நடிகர் மசாகி சுடா அவனாகவே மாறியிருக்கிறார்.

இந்த இடத்தில்தான் எனக்குக் கடுப்பு. சப்டைட்டில் இரண்டு நொடி பின்னால் வருகிறது! வேறு படமென்றால் விட்டுத்தள்ளலாம். இங்கே யார் எவ்வளவு வேகமாகப் பதில் சொன்னார்கள் என்பதுதானே துப்பு? நிறுத்தி, வி.எல்.சி. பிளேயரில் ஜி பட்டனை விடாமல் தட்டினேன். ஒரு தட்டுக்கு சப்டைட்டில் 50 மில்லி நொடிதான் முன்னால் நகரும். வாயசைவும் எழுத்தும் ஒன்றாகச் சேர்ந்தபோது கத்தியே விட்டேன்! அதன்பிறகுதான் பிடிபட்டது: சைட்டோ பதறிப்போய்த் திணறுகிறான், ஃபுகியாவோ ஆபத்தான சொற்களுக்குத்தான் அதிவேகம். துப்பறிவாளர் அகேச்சி அதையே பிடித்துக்கொள்கிறார்.

ஆங், முக்கியமானதை விட்டுவிட்டேன். அகேச்சியாக நடிப்பது ஒரு பெண், ஹிகாரி மிட்சுஷிமா. அதற்கென்று கதையை வளைக்கவில்லை, ரம்போவின் வரிகளையே பேசுகிறார்கள். பழைய கதைக்குக் காதலும் அழுகையும் ஒட்டினால்தான் ஓடும் என்பவர்களைக் கண்டாலே எனக்குப் பிடிக்காது. அவர்கள் கட்டாயம் பார்க்கட்டும்.

அப்புறம், ஏன் 2016 தெரியுமா? ரம்போ இறந்தது 1965. அன்றைய ஜப்பான் சட்டப்படி ஐம்பது ஆண்டு பதிப்புரிமை 2015 முடிவோடு தீர்ந்தது. அடுத்த மாதமே ஒளிபரப்பு!

அதே ஆண்டு டிசம்பரில் வந்த அடுத்த வரிசையில் 'மனித நாற்காலி' இருக்கிறது. அடுத்த வீடியோ அதுதான்.