இடைவெளி இல்லாத பாட்டு

நேயர்களுக்கு வணக்கம். காருகுறிச்சியாரின் நாகஸ்வரம் கேட்டு வளர்ந்த ஊரில் இங்கிலாந்து ராக் இசையைப் பற்றிப் பேசப்போகிறேன், கொஞ்சம் பொறுத்துக்கொள்ளுங்கள். ராக ஆலாபனையை அசையாமல் உட்கார்ந்து கேட்பவர்களுக்கு ப்ரோக்ரஸிவ் ராக் என்ற நீண்ட, சிக்கலான ராக் வகையின் இருபது நிமிஷப் பாட்டு ஒன்றும் நீளமில்லை.

பிங்க் ஃபிளாய்ட் என்ற இங்கிலாந்து ராக் குழுவின் ஆல்பங்களைத் தரம் குறையாத ஃபிளாக் கோப்புகளாகச் சேர்ப்பவன் நான். எம்பி3 போதாதா என்று வீட்டில் கேட்கிறார்கள். 1975இல் வந்த ‘விஷ் யூ வேர் ஹியர்’ ஆல்பத்தை எடுத்துக்கொள்ளுங்கள். மொத்தம் ஐந்தே உருப்படி. மூன்றாவது முடிகிற இடத்தில் இசை திடீரென்று சுருங்கி, சின்ன ரேடியோவிலிருந்து வருவதுபோல் ஆகிவிடும். யாரோ ஸ்டேஷன் மாற்றுகிற சத்தம். அதற்குள்ளிருந்தே அடுத்த பாட்டின் கிடார் எழுகிறது. வானொலி நிலையத்தில் உட்கார்ந்து இதைச் சொல்வதில் எனக்கு ஒரு தனி சந்தோஷம்! எம்பி3 ஒலியைக் கட்டம் கட்டமாக வெட்டிச் சுருக்குவதால் பாட்டின் முன்னும் பின்னும் துளி மௌனம் ஒட்டிக்கொள்ளும். பல பிளேயர்கள் அதை நீக்குவதில்லை. ரேடியோ சத்தத்துக்கு நடுவே ஒரு வெட்டு விழுந்தால் அந்த இடமே பாழ்.

சிடியில் ஒலியை ஒரு நொடிக்கு 44,100 தடவை அளந்து எண்ணாகப் பதிகிறார்கள்; ஒவ்வொரு மாதிரியும் 16 பிட். 2001இல் வந்த ஃபிளாக் இதை ஏறக்குறையப் பாதி அளவுக்குச் சுருக்கும். விரித்தால் ஓர் எண்கூடக் குறையாது. 128 கிலோபிட் எம்பி3யில் மிஞ்சுவது பதினொன்றில் ஒரு பங்குதான்.

ஆனால் ஃபிளாக் என்று பெயர் இருந்தால் மட்டும் நம்பிவிடாதீர்கள். எம்பி3யையே ஃபிளாக்காக மாற்றியும் கொடுக்கிறார்கள். தண்ணீர் கலந்த பாலை வெள்ளிச் செம்பில் ஊற்றினால் தண்ணீர் பிரிந்துவிடுமா? ஒலியில் எந்தெந்த அதிர்வெண்கள் இருக்கின்றன என்று காட்டும் படத்தில் பார்த்தால், 16 கிலோஹெர்ட்ஸ் பக்கத்தில் சுவர் வைத்ததுபோல் ஒலி நின்றுபோயிருக்கும். அதனால் சிடியை வாங்கி, அதிலிருந்து கணினியில் நாமே கோப்பாக எடுப்பது நல்லது. ‘எக்ஸாக்ட் ஆடியோ காப்பி’ என்ற மென்பொருள், நாம் எடுத்தது மற்றவர்கள் எடுத்ததோடு பொருந்துகிறதா என்றும் சரிபார்த்துவிடும்.

எந்தப் பதிப்பு என்பதும் முக்கியம். சத்தத்தைக் கூட்டி நசுக்கிய மறுபதிப்பு என்றால், ஃபிளாக் அந்த நசுங்கலையும் அப்படியே பத்திரப்படுத்தும். சிடியைவிட நுணுக்கமாகப் பதிந்த 24 பிட், 192 கிலோஹெர்ட்ஸ் கோப்புகள் எல்லாம், என்னைக் கேட்டால், வீண் செலவு.

அப்புறம், கோயில் கொடையில் பதிவு செய்த வில்லுப்பாட்டு கேசட் வீட்டுப் பரணில் இருந்தால் அதையும் ஃபிளாக்கிலேயே ஏற்றி வையுங்கள். போனில் கேட்க எம்பி3 வேண்டுமென்றால் அதிலிருந்து எப்போது வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ளலாம். வணக்கம்.