தண்ணீருக்குள் வைத்த காது

நேயர்களுக்கு வணக்கம், அஸ்ஸலாமு அலைக்கும்.

அணு ஆயுதக் கட்டுப்பாடு பற்றிப் பேசச் சொல்லி அழைத்தபோது, மட்டக்களப்பில் இருந்துகொண்டு அதைப் பற்றி என்னத்தைப் பேசுவது என்றுதான் முதலில் யோசித்தேன். அப்புறம் கல்லடிப் பாலம் நினைவுக்கு வந்தது. பூரணை இரவில் தோணியில் போய், துடுப்பின் ஒரு முனையைத் தண்ணீரில் விட்டு மறுமுனையில் காதை வைத்தால் வாவிக்குள் பாட்டுக் கேட்கும் என்பது எங்கள் ஊர்ப் பெருமை. பாடுவது மீனா, சிப்பியா என்ற வழக்கு இன்னும் தீரவில்லை. அது கிடக்கட்டும்.

இதே வேலையைப் பெரிய அளவில் செய்கிறவர்களும் இருக்கிறார்கள். 1996இல் கைச்சாத்துக்கு வந்த அணுப் பரிசோதனைத் தடை ஒப்பந்தத்துக்காக உலகக் கடல்களில் ஒலிவாங்கிகளை இறக்கி வைத்திருக்கிறார்கள். யாராவது இரகசியமாகக் குண்டு வெடித்துப் பார்த்தால் அகப்பட வேண்டும் என்பது நோக்கம். நமது இந்து சமுத்திரத்திலேயே தியாகோ கார்சியா தீவருகே ஒரு நிலையம் இருக்கிறது. நில அதிர்வைக் கவனிக்கும் நிலையமொன்று கண்டிப் பக்கம் பல்லேகலையிலும் உண்டு. இலங்கை இந்த ஒப்பந்தத்தை உறுதிப்படுத்தியது என்னவோ 2023 ஜூலையில்தான்.

2004 டிசம்பர் 26, நத்தாருக்கு மறுநாள். சுமாத்திராவுக்கு அருகே கடலடி பிளந்த ஓசை தியாகோ கார்சியா ஒலிவாங்கிகளில் பதிவானது. அலை நாவலடிக்கும் கல்முனைக்கும் மருதமுனைக்கும் வந்துசேர ஏறக்குறைய இரண்டு மணிநேரம் எடுத்தது. இரண்டு மணிநேரம் என்றால் நடந்தே தப்பியிருக்கலாம். ஆனால், அந்தப் பதிவுகளைச் சுனாமி எச்சரிக்கை நிலையங்களுக்குக் கொடுக்கும் ஏற்பாடு அப்போது இருக்கவில்லை. 2006இல்தான் அதற்கு ஒப்புதல் கிடைத்தது.

அதனால்தான், யாரிடம் எத்தனை குண்டு என்ற கணக்கைவிட, யாருடைய செய்தி யாரிடம் போய்ச் சேருகிறது என்பதே எனக்கு முக்கியமாகப் படுகிறது.

1995 ஜனவரி 25ஆம் திகதி நோர்வேயில் துருவ ஒளியை ஆராய ஒரு ரொக்கெட்டை ஏவினார்கள். ரஷ்யா உட்படப் பல நாடுகளுக்கு முன்கூட்டியே அறிவித்துவிட்டுத்தான் ஏவினார்கள். அந்த அறிவித்தல் ரேடாருக்கு முன்னால் இருந்தவர்களிடம் போகவில்லை. நீர்மூழ்கியிலிருந்து கிளம்பிய அமெரிக்க ஏவுகணையோ என்று அவர்கள் பதறினார்கள். ரஷ்ய ஜனாதிபதி யெல்ட்சினுக்கு முன்னால், அணு ஆயுதத்தை ஏவ உத்தரவிடும் பெட்டி திறக்கப்பட்டது. அந்த ரொக்கெட் ரஷ்யப் பக்கம் வரவில்லை என்று தெரியும்வரை அந்தச் சில நிமிடங்கள் எப்படிப் போயிருக்கும்? எந்தக் கந்தோர் மேசையில் அந்தக் கடிதம் கிடந்ததோ! கச்சேரியில் கோப்புத் தேடி அலைந்த எவருக்கும் இது புதினமாக இராது.

அமெரிக்காவும் ரஷ்யாவும் 2010இல் செய்த ஒப்பந்தம், ஏவத் தயாராக நிறுத்தும் அணுகுண்டு முனைகளை ஆளுக்கு 1,550 என்று மட்டுப்படுத்தியது. பத்திரிகைகள் அந்த எண்ணைத்தான் எழுதின. அந்த ஒப்பந்தத்தின் கீழ் இரு தரப்பும் 25,000க்கும் மேற்பட்ட அறிவித்தல்களைப் பரிமாறிக்கொண்டன. இந்த ஏவுகணையை இங்கிருந்து அங்கே கொண்டுபோகிறோம் என்பது போன்ற, வாசித்தால் கொட்டாவி வரும் விடயங்கள். நேரில் போய்ப் பார்க்கும் சோதனைகள் 2020இல் கொரோனாவோடு நின்றன, மீண்டும் தொடங்கவே இல்லை. 2023இல் ரஷ்யா தன் பங்கேற்பை இடைநிறுத்தியது. ஒப்பந்தத்தின் காலமும் 2026 பெப்ரவரி 5 வரைதான்.

சரி, நமக்குப் பக்கத்தில்? இந்தியாவும் பாகிஸ்தானும் 1992 முதல் ஒவ்வொரு ஜனவரி 1ஆம் திகதியும் தத்தம் அணு நிலையங்களின் பட்டியலைக் கைமாற்றுகின்றன, அங்கே அடிக்கக்கூடாது என்பதற்காக. கார்கில் சண்டைக்குப் பிறகும் அது தவறவில்லை. இதை நான் மெச்சுகிறேன். ஆனால் 2022 மார்ச் 9ஆம் திகதி, பராமரிப்பு வேலையின்போது இந்தியாவின் பிரமோஸ் ஏவுகணை ஒன்று தவறுதலாகக் கிளம்பிப் பாகிஸ்தானுக்குள் போய் விழுந்தது. வெடிபொருள் இல்லாததால் உயிர்ச்சேதம் இல்லை. இரு இராணுவங்களுக்கும் இடையே நேரடித் தொலைபேசி வருடக்கணக்காக இருக்கிறது. தவறு நடந்துவிட்டது என்று இந்தியா வெளிப்படையாகச் சொன்னது 11ஆம் திகதி.