மோனோ ஏரியின் வழக்கு

எல்லாருக்கும் வணக்கம். மேசையில் ஒரு கண்ணாடிக் குவளையும் இரண்டு பொட்டலமும் ஒரு சின்னச் சீசாவும் இருப்பதைப் பார்த்துவிட்டு முன்வரிசைப் பையன் ஒருவன், "மேஜிக் ஷோவா சார்?" என்று கேட்டான். ஏறக்குறைய அப்படித்தான் தம்பி, கொஞ்சம் பொறு.

நல்ல மழை பெய்யும் வருஷங்களில் நம் செய்தித்தாள்களில் தவறாமல் வரும் ஒரு வரி உண்டு: 'வீணாகக் கடலில் கலக்கும் தண்ணீர்.' நானும் அதைத் தலையாட்டிக்கொண்டே படித்தவன்தான். அந்த 'வீணாக' என்ற சொல்மீது எனக்குச் சந்தேகம் வந்தது ஓர் உப்பு ஏரியைப் பற்றிப் படிக்கத் தொடங்கிய பிறகு. கலிபோர்னியாவில் இருக்கிறது. பெயர் மோனோ.

சியரா நெவாடா மலையின் மேற்குப் பக்கம் மழையும் பனியும் கொட்டும். கிழக்கே இறங்கினால் மழைமறைவுப் பாலைவனம். அதன் விளிம்பில், கடல் மட்டத்துக்கு மேலே 1,940 மீட்டருக்குச் சற்றே கூடுதலான உயரத்தில் கிடக்கிறது மோனோ. மலைப்பனி உருகி ஓடைகளில் வந்து சேரும். வெளியே போக வழி கிடையாது. கலங்கல் இல்லாத ஏரி என்று வைத்துக்கொள்ளுங்கள். தண்ணீர் ஆவியாகிப் போய்விடும், ஓடை கொண்டுவந்த துளி உப்பு தங்கிவிடும். இப்படியே குறைந்தது 7,60,000 ஆண்டுகளாக நடக்கிறது.

சரி, இப்போது குவளைக்கு வருவோம். இதில் கால் லிட்டர் கேன் தண்ணீர். முதல் பொட்டலம் சமையல் உப்பு, இரண்டாவது சலவைச் சோடா. மோனோவில் வேறு உப்புகளும் உண்டு. நமக்கு இந்த இரண்டு போதும். எல்லாம் சேர்ந்து 25 கிராம் போடுகிறேன். 1982இல் மோனோ ஏரித் தண்ணீரைக் கால் லிட்டர் மொண்டிருந்தால் அதில் இருந்த உப்பு இவ்வளவு. கடல் நீரில் 9 கிராம்கூட இருக்காது. விரலை நனைத்துப் பாருங்கள், வழுக்கும். நம் ஊரில் துணி வெளுக்க உவர்மண் எடுத்தார்களே, அதிலிருக்கும் சரக்குதான் இது.

அடுத்தது சீசா. வெற்றிலைக்குத் தடவும் சுண்ணாம்பை நேற்று ராத்திரி கரைத்துவைத்து, காலையில் தெளிவை மட்டும் வடித்தது. ஊற்றுகிறேன். பார்த்தீர்களா, பால் திரிந்த மாதிரி! சுண்ணாம்பில் உள்ள கால்சியம் சோடாவில் உள்ள கார்பனேட்டைப் பிடித்துக்கொண்டு கல்லாக மாறுகிறது. மோனோவின் அடியில் கால்சியம் கலந்த நன்னீர் ஊற்றுகள் இருக்கின்றன. ஊற்று மேலே கசிகிற இடத்திலெல்லாம் இதே வித்தை நடந்து, சுண்ணாம்புக் கல் படிந்து படிந்து தூண் எழும்பும். அதை டூஃபா என்பார்கள். தண்ணீருக்குள்ளே மட்டும்தான் இந்தத் தூண்கள் வளரும். ஆனால் இணையத்தில் 'மோனோ ஏரி' என்று தேடிப் பாருங்கள்: கரையில், காய்ந்த தரையில், ஆளைவிட உயரமான தூண்கள் கூட்டம் கூட்டமாக நிற்கும். உலகமே வந்து படமெடுக்கிறது. அவை எப்படி வெளியே வந்தன என்பதுதான் கதை.

அதற்கு முன்னால் ஓர் ஈயைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். இந்தத் தண்ணீரில் மீன் வாழாது. வாழ்வது பாசி, ஆர்டீமியா என்ற பொடி உப்புநீர் இறால், கார ஈ. ஆர்டீமியாவை இறால் பொரிப்பகம் நடத்துகிறவர்களுக்கு நன்றாகத் தெரியும். கோடையில் மோனோவில் அது லட்சம் கோடிக் கணக்கில் பெருகும். ஈ இன்னும் சுவாரசியம். கரையோரம் கறுப்புப் பட்டையாக மொய்த்துக் கிடக்கும், மனிதரைச் சீண்டாது. முட்டையிட வேண்டுமென்றால் பாறையைப் பிடித்துக்கொண்டு தலைகீழாகத் தண்ணீருக்குள் நடந்தே இறங்கும். உடம்பெல்லாம் மெழுகு பூசிய மயிர்; அதனால் ஒரு காற்றுக் குமிழி மேலே போர்த்திக்கொள்ளும், கண்கள் மட்டும் வெளியே. வேலை முடிந்ததும் பிடியை விட்டால் போதும், குமிழியோடு மேலே வந்து, நனையாமல் பறந்துவிடும். இந்தச் சோடா நீர் மற்ற ஈக்களைச் சுலபமாக நனைத்துவிடுகிறது, இதற்கு மட்டும் மயிரும் மெழுகும் அதிகம் என்று கலிபோர்னியாவின் கால்டெக் தொழில்நுட்பக் கழக ஆய்வாளர்கள் 2017இல் கண்டு சொன்னார்கள்.

அங்கே காலங்காலமாக வாழ்ந்த பழங்குடிகள் குட்சாடிகா மக்கள். பெயருக்கு 'ஈ தின்பவர்' என்றே பொருள். ஈயின் கூட்டுப்புழுவை வாரி, வெயிலில் காயவைத்து, தோலைத் தேய்த்துப் புடைத்துத் தின்பார்கள். நல்ல கொழுப்புச் சத்து. மலைக்கு அந்தப் பக்கத்து மக்களிடம் பண்டமாற்றும் செய்தார்கள். ஈசலைப் பிடித்து அரிசியோடு வறுத்துத் தின்ற வீட்டில் பிறந்தவன் நான், எனக்கு இதில் முகம் சுளிக்க ஒன்றுமில்லை.

பறவைகளுக்கும் இதுதான் பந்தி. இலையுதிர் காலத்தில் பத்து லட்சத்துக்கும் மேல் கருங்கழுத்து முக்குளிப்பான்கள் வந்து இறங்கும். தின்று தின்று எடை இரு மடங்காகும், பறக்கும் தசைகள் சுருங்கிப்போகும், கொஞ்ச காலம் பறக்கவே முடியாது. ஃபலரோப் என்ற சிறிய கரைப்பறவை இங்கே தின்று கொழுத்துவிட்டுத் தென் அமெரிக்காவின் உப்பு ஏரிகளுக்குப் போகும். கடற்காகங்கள் ஏரி நடுவில் இருக்கும் தீவுகளில் கூடு கட்டும். யாரும் குடிக்க முடியாத, பயிருக்குப் பாய்ச்ச முடியாத தண்ணீர் இத்தனை வாய்க்குச் சோறு போட்டுக்கொண்டிருந்தது.

அப்புறம் லாஸ் ஏஞ்சலஸ் வந்தது. அந்த நகரம் ஏற்கெனவே 1913இல் ஓவன்ஸ் பள்ளத்தாக்கின் ஆற்றைக் கால்வாயில் திருப்பிக் கொண்டுபோயிருந்தது. பத்துப் பதினைந்து வருஷத்துக்குள் ஓவன்ஸ் ஏரி வற்றி, உப்புப் புழுதி கிளம்பியது. அதை அடக்க இதுவரை 200 கோடி டாலருக்கு மேல் நகரம் செலவு செய்திருக்கிறது. அதே கால்வாயை இன்னும் வடக்கே நீட்டி, எரிமலைக் குன்றுகளுக்கு அடியில் 18 கிலோமீட்டர் சுரங்கம் தோண்டி, 1941 முதல் மோனோவின் ஐந்து ஓடைகளில் நான்கை மறித்தார்கள். இதற்கு 1940இல் மாநில நீர் வாரியம் அனுமதி தந்தபோது, ஏரிக்குக் கேடு வரும் என்பது அதற்குத் தெரியாமல் இல்லை. வீட்டு உபயோகம்தான் சட்டப்படி தண்ணீரின் உயர்ந்த உபயோகம், எங்களால் மறுக்க முடியாது என்று கையை விரித்தது. உப்பு ஏரியில் கலக்கும் தண்ணீர் வீண்தானே!

1982க்குள் ஏரி 45 அடி இறங்கியது. கொள்ளளவு பாதியானது, உப்பு இரட்டிப்பானது. டூஃபா தூண்கள் வெளியே வந்தது இப்படித்தான். நாம் ரசித்துப் படமெடுப்பது ஏரியின் எலும்புகளை. அதோடு போகவில்லை. கடற்காகங்கள் கூடு கட்டிய நெகிட் தீவுக்கும் கரைக்கும் நடுவே தண்ணீர் வற்றித் தரை எழும்பியது. விலங்குகள் கடக்காமலிருக்க அங்கே வெடிவைத்துப் பள்ளம்கூடப் பறித்துப் பார்த்தார்கள். 1979இல் கயோட்டிகள், அதாவது அந்த ஊர் நரி மாதிரி, தீவுக்குள் போய்விட்டன; கடற்காகங்கள் கூட்டைப் போட்டுவிட்டு ஓடின.

இதையெல்லாம் முதலில் எண்ணிக் கணக்கெடுத்தவர்கள் கல்லூரி மாணவர்கள், 1976இல். அவர்களில் ஒருவரான டேவிட் கெயின்ஸ் 1978இல் மோனோ ஏரிக் குழுவைத் தொடங்கினார். குழுவின் ஆட்கள் லாஸ் ஏஞ்சலஸ் நீர்த்துறை அலுவலகத்து வாசல் தொட்டியில் தண்ணீரைக் குப்பியில் பிடித்து, நூற்றுக்கணக்கான மைல் சைக்கிள் மிதித்துப் போய் ஏரியில் ஊற்றினார்கள். குப்பித் தண்ணீரால் ஏரி நிரம்பாதுதான், ஆனால் படம் செய்தியாயிற்று. பறவைப் பாதுகாப்பு அமைப்பான ஆடுபான் சங்கத்தோடு சேர்ந்து 1979இல் வழக்கும் போட்டார்கள்.

நகரத்தின் வாதம் எளிது: எங்களிடம் அனுமதிப் பத்திரம் இருக்கிறது. 1983 பிப்ரவரியில் கலிபோர்னிய உச்ச நீதிமன்றம் சொன்ன பதிலை நம் ஊர்க் கணக்கில் சொல்கிறேன். கோயில் நிலத்துக்கு அறங்காவலர் உண்டு. அவர் அதை நினைத்தபடி எழுதிக்கொடுத்துவிட முடியுமா? அரசும் நீர்நிலைக்கு அறங்காவலர்தான். ஒரு தடவை கையெழுத்துப் போட்டதோடு பொறுப்பு தீராது, எப்போது வேண்டுமானாலும் திரும்பப் பரிசீலிக்கலாம், பரிசீலிக்கவும் வேண்டும். தீர்ப்பு நகரத்தின் தாகத்தை ஒதுக்கிவிடவில்லை. இரண்டையும் தராசில் வை என்றது. என் பார்வையில் அதுதான் அதன் பலம். கெயின்ஸ் 1988இல் பனிச்சாலை விபத்தில் இறந்துபோனார், முடிவைப் பார்க்கவில்லை. 1994இல் நீர் வாரியம், 1982 மட்டத்திலிருந்து 20 அடி ஏரி ஏற வேண்டும் என்று உத்தரவிட்டது.

நகரம் என்ன செய்தது? கழிப்பறையை மாற்றியது. சிரிக்காதீர்கள், நிஜம். ஒரு தடவைக்குக் குறைவாகத் தண்ணீர் விடும் பீங்கான்களைத் தெருத்தெருவாகக் கொடுத்தார்கள். கிழக்கு லாஸ் ஏஞ்சலஸ் தாய்மார் அமைப்புகள் முன்னின்று விநியோகித்தன. 1970ஐவிட மக்கள்தொகை பத்து லட்சம் கூடிய பிறகும் நகரம் செலவழிக்கும் தண்ணீர் கூடவில்லை.

அந்தத் தீர்ப்பு கடல் தாண்டி நம்மிடமும் வந்தது. பியாஸ் ஆற்றின் போக்கையே திருப்பிய ஒரு விடுதி பற்றிய வழக்கில், 1996 டிசம்பரில் நம் உச்ச நீதிமன்றம் மோனோ ஏரி வழக்கை எடுத்துக்காட்டித்தான் பொது அறக்காவல் கோட்பாட்டை இந்தியச் சட்டத்தில் சேர்த்தது. 2006இல் திருப்பதிக்குப் பக்கத்து அவிலாலா, பேரூர் ஏரிகளில் வீடு கட்டிய வழக்கிலும் அதே மோனோ பேசப்பட்டது. அதற்குள் அங்கே வீடுகள் எழும்பிவிட்டன என்பதையும் சொல்லிவிட வேண்டும்.

மோனோவும் இன்னும் நிரம்பவில்லை. இருபது வருஷத்தில் எட்டிவிடும் என்று போட்ட கணக்கு, முப்பது வருஷம் கடந்தும் பல அடி பாக்கி. 2023இல் பெரும் பனி விழுந்து ஏரி மளமளவென்று ஏறியது; அப்போதும் எட்டவில்லை. ஓடைத் தண்ணீரை எவ்வளவு விடுவது என்ற பேச்சு ஓயவில்லை. ஈக்கள் வழக்கம்போல இறங்கி ஏறிக்கொண்டிருக்கின்றன.

குவளையைப் பாருங்கள், வெள்ளை அடியில் படிந்துவிட்டது. தலைவர் ஐயா, அது குடிக்கிற தண்ணீர் இல்லை, உங்கள் டம்ளர் இந்தப் பக்கம். கேள்வி இருந்தால் கேளுங்கள். மேஜிக் தம்பி, நீ முதலில்.