ஒரே தீவு, ஒருவர் தலையில் மட்டும் கடன்

நடுவர் அவர்களே, அவையோரே, வணக்கம்.

'ஏழை நாடுகளின் வறுமைக்குப் பெரிய காரணம் மோசமான ஆட்சியா, சுமத்தப்பட்ட கடனா?' என்பது தலைப்பு. கடனே என்று பேச வந்திருக்கிறேன். எதிரணித் தோழி ஒரு கேள்வி கேட்டார்: "ஹைட்டியும் டொமினிகன் குடியரசும் கரீபியன் கடலில் ஒரே தீவில் இருக்கின்றன. ஒன்று நிமிர்ந்தது, மற்றது ஏன் விழுந்தது? ஆட்சி சரியில்லை!" கைதட்டலும் கிடைத்தது. சரி, பதிலைச் சொல்கிறேன்.

பிரான்சுக்குச் சர்க்கரையும் காப்பியும் விளைவித்துக் கொடுத்த ஹைட்டியின் அடிமைகள் 1791-ல் கிளர்ந்தெழுந்தார்கள். நெப்போலியன் அனுப்பிய படையையே தோற்கடித்து, 1804-ல் விடுதலை பெற்றார்கள். 1825-ல் பிரெஞ்சு மன்னர் பத்தாம் சார்லஸ் 14 போர்க்கப்பல்களை அனுப்பினார். "உங்களை நாடாக ஏற்க வேண்டுமா? 15 கோடி பிராங்க் எடுத்து வையுங்கள்" என்றார். எதற்கு? முதலாளிகள் இழந்த தோட்டங்களுக்கு. அதோடு, விடுதலையான அந்த மனிதர்களுக்கும் சேர்த்து! பெற்ற பிள்ளையைத் தூக்கிக்கொண்டு ஓடி வந்த தாயிடம் பிள்ளைக்கு விலை கேட்பதைக் கடன் என்று எப்படி ஐயா சொல்வது?

முதல் தவணை கட்டவே ஹைட்டியிடம் பணமில்லை. அதையும் பிரெஞ்சு வங்கியிடமே வட்டிக்கு வாங்கினார்கள். 1838-ல் தொகையை 9 கோடியாகக் குறைத்தார்கள். ஆனால் கடனை அடைக்க வாங்கிய கடன், அதை அடைக்க இன்னொரு கடன் என்று போய், கடைசித் தவணை கட்டி முடித்தது 1947-ல். நமக்குச் சுதந்திரம் வந்த ஆண்டு அது! அத்தனை காலமும் காப்பி மீது விழுந்த வரி மலைச்சரிவில் பயிர் செய்த விவசாயியின் வயிற்றிலிருந்து போனது. பள்ளிக்கூடமும் சாலையும் அப்புறம் எங்கிருந்து வரும்? 1844-ல் ஹைட்டியிடமிருந்து தனியாகப் பிரிந்துபோன டொமினிகன் பக்கம் அதன்பிறகு இந்தச் சுமையைத் தூக்கவில்லை. தோழியின் கேள்விக்கு என் பதில் இதுதான்.

சர்வாதிகாரிகளாக ஆண்ட துவாலியே குடும்பம் 1957 முதல் 1986 வரை ஹைட்டியைச் சுரண்டியது உண்மை. அதை நான் மறைக்க மாட்டேன். ஆனால் அவர்கள் வந்தபோதே கஜானாவைத் துடைத்து 132 ஆண்டுகள் ஆகிவிட்டன, நடுவர் அவர்களே.

2003-ல் ஹைட்டி அதிபர் அரிஸ்டீட் அந்தப் பணத்தைத் திருப்பிக் கேட்டார். பிரான்ஸ் மறுத்தது. 2025 ஏப்ரலில் பிரெஞ்சு அதிபர் மக்ரோன், இதை ஆராய வரலாற்றாசிரியர்கள் குழு அமைப்பதாக அறிவித்தார். குழு வரட்டும், ஆராயட்டும். பணம் எப்போது வரும் என்பதை எதிரணி எழுந்து சொல்லட்டும்.